பாலு மகேந்திரா (1939–2014)

ஒளிப்பதிவாளர், திரைப்பட இயக்குநர். இலங்கையின் மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் பிறந்தவர். இயற்பெயர் பாலநாதன் பெஞ்சமின் மகேந்திரன். தமிழ், கன்னடம், மலையாளம், தெலுங்கு, இந்தி என ஐந்து மொழிகளில் இருபதுக்கு மேற்பட்ட படங்களை இயக்கினார். பிறர் இயக்கிய படங்கள் பலவற்றுக்கும் ஒளிப்பதிவு செய்தார். ஒளிப்பதிவுக்கான தேசிய விருதை இரு முறை பெற்றவர். சென்னையில் காலமானார்.

ஓசூர், கிருஷ்ணகிரி வட்டாரத்தை வைத்து எழுதும் ஒரு குறிப்பில் மட்டக்களப்புக்காரருக்கு என்ன இடம் என்று கேட்கலாம். தமிழ் சினிமாவின் முக்கிய இயக்குநர்களில் ஒருவர் என்று நாம் கொண்டாடும் இவர், இயக்குநர் நாற்காலியில் முதன்முதலாக உட்கார்ந்தது ஓசூரிலிருந்து நாற்பது கிலோமீட்டரில் இருக்கும் பெங்களூரின் படத்துக்காக, கன்னட மொழியில். அதற்கடுத்த ஆறு ஆண்டுகளில் இவர் மீண்டும் மீண்டும் கர்நாடகத்துக்குப் போனார். அதனால் இந்தக் கட்டுரை அந்த ஆறு ஆண்டுகளில் கொஞ்சம் நீண்டுவிட்டால் வாசகர் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

மட்டக்களப்பு, புனே

பிறந்த நாள் 1939 மே 20 என்றே பெரும்பாலான குறிப்புகள் தருகின்றன. 1946 என்று போடும் பதிவுகளும் உண்டு. இதில் வேடிக்கை என்னவென்றால், அவர் வாழ்க்கையில் அதிகம் சொல்லப்படும் கதை இரண்டு ஆண்டுகளோடும் ஒத்துப்போவதில்லை. பன்னிரண்டு வயதில் பள்ளிச் சுற்றுலா போன இடத்தில், டேவிட் லீன் 'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்' படத்தை எடுத்துக்கொண்டிருந்ததைப் பார்த்தார் என்பது அந்தக் கதை. லீன் மழை என்று குரல் கொடுத்ததும் மழை கொட்டியதாம். தானும் ஒரு நாள் அப்படிச் சொல்லி மழையை வரவழைக்க வேண்டும் என்று பையனுக்குத் தோன்றியதாம். கித்துள்கலையில் அந்தப் படப்பிடிப்பு நடந்தது 1956-57இல். 1939 கணக்குப்படி அப்போது அவருக்குப் பதினேழு வயது. 1946 கணக்குப்படி பத்து. பதினேழு வயது மாணவன் சுற்றுலா போவது நடக்கக்கூடியதே என்பதாலும், 1966இல் அவர் புனேயில் சேர்ந்ததாலும், 1939 கூடுதலாகப் பொருந்துகிறது. மழை நிஜமாகவே அவ்வளவு கச்சிதமாகப் பெய்ததா என்பதை ஆராய வேண்டியதில்லை. பிற்காலத்தில் இவர் படங்களில் பெய்யும் மழையைப் பார்த்தவர்களுக்கு இந்தக் கதை பொய்யாகத் தோன்றாது.

மட்டக்களப்பு புனித மிக்கேல் கல்லூரியில் படித்தார். பின்னர் நில அளவைத் துறையில் வரைவாளராகச் சில காலம் வேலை பார்த்தார். 'தேனருவி' என்ற இலக்கிய இதழை நடத்தினார். இலங்கை வானொலி நாடகங்களில் பங்கேற்றார்.

1966இல் புனேயின் திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவுப் பிரிவில் சேர்ந்தார். இயக்கம் படிக்கத்தான் விருப்பம், இடம் கிடைத்தது ஒளிப்பதிவில் என்று சொல்லப்படுகிறது. 1969இல் தங்கப் பதக்கத்தோடு வெளியே வந்தார். பிரெஞ்சுப் புதிய அலைப் படங்களை அங்கேதான் பார்த்தார். சத்யஜித் ராயின் ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா 'அபராஜிதோ'வில் (1956) நேர் விளக்கைத் தவிர்த்து, வெள்ளைத் துணியில் பட்டுத் தெறிக்கும் ஒளியால் வீட்டின் உள்முற்றத்தைக் காட்டியது புனே மாணவர்களுக்கெல்லாம் பாடமாக இருந்த காலம் அது. அந்தப் பாடத்தைத் தென்னிந்திய வணிகப் படத்துக்குள் கொண்டுவந்தவர்களில் முதல் வரிசையில் வைக்கத்தக்கவர் பாலு மகேந்திரா.

ஒளிப்பதிவாளர் இயக்குநராவது அதற்கு முன் இங்கே நடக்காத ஒன்றல்ல. 'ஏழை படும் பாடு' (1950) எடுத்த கே. ராம்நாத், கேமராவிலிருந்து வந்தவர். மாகடியில் பிறந்து சென்னையில் விக்ரம் ஸ்டுடியோவை நடத்திய பி. எஸ். ரங்கா, தமிழ், தெலுங்கு, கன்னடம் என மூன்று மொழியிலும் புழங்கினார். ஏ. வின்சென்ட் 'பார்கவி நிலையம்' (1964) மூலம் மலையாளத்தில் இயக்குநரானார். வங்காளத்திலிருந்து சென்னைக்கு வந்த நிமாய் கோஷ், 'பாதை தெரியுது பார்' (1960) எடுத்தார். இவர்களில் ஒருவர்கூடத் தம் சொந்த மொழியோடு நின்றுவிடவில்லை. கேமராவுக்கு மொழி கிடையாது என்பதால் அந்த வேலை செய்கிறவர்கள் எல்லையைப் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை போலும்.

கேரளத்தில்

பாலு மகேந்திராவின் பட்டயப் படமான 'எ வியூ ஃப்ரம் தி ஃபோர்ட்' ராமு காரியாட்டின் கண்ணில் பட்டது. 'செம்மீன்' எடுத்த காரியாட், பி. வத்சலாவின் 'நெல்லு' நாவலைப் படமாக்கும் வேலையில் இருந்தார்; ஒளிப்பதிவை இவரிடம் கொடுத்தார். வயநாட்டின் திருநெல்லியைக் களமாகக் கொண்ட கதை, வண்ணப்படம். 1971 வாக்கில் வேலை தொடங்கினாலும் படம் 1974இல்தான் வெளிவந்தது. அதற்குள் இவர் ஒளிப்பதிவு செய்த 'மாயா' (1972), கே. எஸ். சேதுமாதவனின் 'பணி தீராத வீடு' (1973) முதலிய படங்கள் திரைக்கு வந்துவிட்டன. ஆகவே அவருடைய முதல் படம் எது என்பதற்கு, படம் பிடித்த வரிசையில் ஒரு விடையும், வெளிவந்த வரிசையில் வேறொரு விடையும் கிடைக்கும். 'நெல்லு'வுக்குக் கேரள மாநில விருது கிடைத்தது. 'சட்டக்காரி' (1974) இன்னொரு குறிப்பிடத்தக்க படம்.

கர்நாடகம்: 1977–1983

1970களில் கன்னட சினிமாவுக்கு ஒரு தனி மரியாதை இருந்தது. 'சம்ஸ்காரா' (1970), 'சோமன துடி' (1975), 'கடஷ்ராத்தா' (1977) ஆகிய மூன்று கன்னடப் படங்கள் நாட்டின் சிறந்த படத்துக்கான தங்கத் தாமரையைப் பெற்றன. சென்னையிலோ, பாட்டும் சண்டையும் ஸ்டுடியோவின் அட்டைச் சுவர்களும் இல்லாமல் படம் எடுக்கிறேன் என்று ஒரு புதியவர் சொன்னால், பணம் போட ஆள் கிடைப்பது கடினம். பாலு மகேந்திரா தம் முதல் படத்தைக் கன்னடத்தில் எடுத்ததற்கு இந்தச் சூழல்தான் காரணம் என்று அறுதியிட்டுச் சொல்வதற்கில்லை. ஆனால் அது அந்தச் சூழலில் நடந்தது.

'கோகிலா' 1977இல் வெளிவந்தது. கறுப்பு வெள்ளை. கமல்ஹாசன், ஷோபா, ரோஜாரமணி நடித்தார்கள். கமலுக்கு அது முதல் கன்னடப் படம். பெங்களூர் நாடக மேடையிலிருந்து வந்த மோகன் என்ற இளைஞருக்கு அதுவே முதல் படம். பின்னாளில் தமிழ்நாட்டில் வெள்ளிவிழா நாயகனாகிப்போன அந்த மோகனைக் கன்னடத்தில் நெடுங்காலம் 'கோகிலா மோகன்' என்றே அழைத்தார்கள். இசை சலீல் சௌத்ரி. கதை சின்னது. வங்கியில் வேலை பார்க்கும் ஓர் இளைஞன், தான் தங்கியிருக்கும் வீட்டுப் பெண்ணைக் காதலிக்கிறான். ஒரு தவறான இரவு அவனை அந்த வீட்டின் வேலைக்காரப் பெண்ணோடு பிணைத்துவிடுகிறது. சொல்லிப் பார்த்தால் மெலோடிராமா. படத்தில் குரல் உயர்வதில்லை.

அக்காலத்தில் ஒளிப்பதிவுக்கான தேசிய விருது கறுப்பு வெள்ளைக்கு ஒன்று, வண்ணத்துக்கு ஒன்று என இரண்டாக இருந்தது. 'கோகிலா' கறுப்பு வெள்ளைப் பிரிவில் விருது பெற்றது. அதே ஆண்டுதான் 'கடஷ்ராத்தா' தங்கத் தாமரை வாங்கியது. அதன் ஒளிப்பதிவாளர் எஸ். ராமச்சந்திரா. ஒரே ஆண்டில், ஒரே மொழியில், இருவர் கறுப்பு வெள்ளையை அதன் கடைசிக் காலத்தில் இப்படிக் கையாண்டிருக்கிறார்கள். இரண்டையும் அடுத்தடுத்துப் பார்க்க வாய்ப்புக் கிடைத்தால் விட்டுவிடக் கூடாது.

'கோகிலா' சென்னையில் கன்னடத்திலேயே ஓடியது. எத்தனை நாள் என்பதில் கணக்கு வேறுபடுகிறது: நூறு நாளைத் தாண்டியது என்பார் சிலர், நூற்றைம்பது என்பார் பலர். எந்தக் கணக்கை ஏற்றாலும், கன்னடம் தெரியாத சென்னை ரசிகன் தமிழ்க் குரல் ஏற்றாத ஒரு படத்தை மாதக்கணக்கில் பார்த்தான் என்பது மாறாது. ஓசூர்ப் பக்கத்து ஆட்களுக்கு இதில் வியக்க ஒன்றுமில்லை. தமிழ், தெலுங்கு, கன்னடம், உருது நான்கும் ஒரே கடைத்தெருவில் புழங்கும் ஊர் இது. வீட்டில் ஒரு மொழி, சந்தையில் ஒரு மொழி, கொட்டகையில் போட்ட படத்தின் மொழி என்று மாறி மாறிப் பேசிப் பழகியவர்கள். ரஜினி படம் வெளியாகும்போது பெங்களூர் ரசிகர்கள் அத்திப்பள்ளியைத் தாண்டி ஓசூர்த் தியேட்டர்களுக்கு வந்து குவிவதும், 2018இல் 'காலா'வைக் கர்நாடகத்தில் திரையிடக் கூடாது என்று அங்குள்ள திரைப்பட வர்த்தக சபை அறிவித்தபோது இந்த ஊர்த் தியேட்டர்கள் பக்கம் எல்லோர் பார்வையும் திரும்பியதும் பிற்காலக் கதை.

1977க்குத் திரும்பினால், அந்த ஆண்டுக்கு இன்னொரு சிறப்பு உண்டு. தமிழ்க் கிராமத்தைத் திரைக்குக் கொண்டுவந்த படம் என்று சொல்லப்படும் '16 வயதினிலே' அந்த ஆண்டுதான் வந்தது. அதன் ஒளிப்பதிவாளர் பி. எஸ். நிவாஸ். அவரும் முந்தைய ஆண்டின் 'மோகினியாட்டம்' படத்துக்காக ஒளிப்பதிவுக்கான தேசிய விருது பெற்றவர். அவரும் பிறகு இயக்குநரானவர். மயிலும் சப்பாணியும் நடமாடிய அந்தத் தமிழ்க் கிராமம் படம் பிடிக்கப்பட்டது கொள்ளேகால், மைசூர்ப் பக்கத்தில். மறு ஆண்டு 'முள்ளும் மலரும்' வந்தது. உமாசந்திரன் நாவலை வைத்து மகேந்திரன் இயக்கிய முதல் படம், பாலு மகேந்திரா ஒளிப்பதிவு செய்த முதல் தமிழ்ப் படம். அதன் பெரும்பகுதியும் சிருங்கேரியில் எடுத்ததே. தமிழ் சினிமா ஸ்டுடியோவை விட்டு வெளியே வந்த கதையைச் சொல்லும்போது, வெளியே வந்து கால் வைத்த மண்ணில் ஒரு பெரும்பங்கு கர்நாடகத்தினுடையது என்பதை ஏனோ யாரும் அழுத்திச் சொல்வதில்லை.

'முள்ளும் மலரும்' படத்துக்கு இவரைப் பரிந்துரைத்தவர் கமல்ஹாசன். 'செந்தாழம் பூவில்' பாட்டுக்கு முன்னால் வரும் காட்சியை எடுக்கத் தயாரிப்பாளர் பணம் தர மறுத்தபோது, கமல் தம் செலவில் எடுக்கவைத்தார் என்பது திரையுலகில் நெடுநாளாக வழங்கும் செய்தி. திரைக்கதையிலிருந்து படத்தொகுப்பு வரை பாலு மகேந்திராவின் பங்கு இருந்தது என்று மகேந்திரனே பலமுறை நன்றியோடு சொல்லியிருக்கிறார். எந்தக் காட்சி யார் யோசனை என்று பிரித்துப் பார்க்க ரசிகர்கள் செய்யும் முயற்சிக்கு இன்றுவரை முடிவில்லை.

'முள்ளும் மலரும்' வந்த 1978இலேயே தெலுங்கில் பாபுவின் 'மன ஊரி பாண்டவுலு' படத்துக்கு ஒளிப்பதிவு செய்தார். அது புட்டண்ண கணகாலின் கன்னடப் படமான 'படுவாரள்ளி பாண்டவரு'வின் மறு ஆக்கம். இவர் ஒளிப்பதிவு செய்த கே. விஸ்வநாத்தின் 'சங்கராபரணம்' 1980இன் தொடக்கத்தில் வெளிவந்து தென்னிந்தியா முழுக்க ஓடியது. அதன் பாட்டுகளைப் பற்றி எழுதியவர்கள் ஆயிரம் பேர். படித்துறையும் கோயில் தூணும் அதில் எப்படித் தெரிகின்றன என்று எழுதியவர்கள் குறைவு.

1979இல் தமிழில் முதல் படமாக 'அழியாத கோலங்கள்' எடுத்தார். மூன்று விடலைப் பையன்கள், ஊருக்குப் புதிதாக வரும் ஆசிரியை, ஒரு ஆறு. ஆசிரியையாக ஷோபா. பிரதாப் போத்தனுக்கு முதல் தமிழ்ப் படம். தொடக்கத்தில் மட்டும் கமல் வருவார். தம் இளமையின் சாயல் அதில் உண்டு என்று இயக்குநர் ஒப்புக்கொண்டார்.

அடுத்தது 'மூடுபனி' (1980). மறுபடியும் பெங்களூர். ராஜேந்திரகுமாரின் 'இதுவும் ஒரு விடுதலைதான்' நாவலைத் தழுவியது என்று சொல்லப்படும் இந்தப் படத்தில் ஹிட்ச்காக்கின் 'சைக்கோ'வின் சாயலையும் எல்லோரும் சுட்டுவார்கள். பாலியல் தொழில் செய்யும் பெண்களைத் தேடிக் கொல்லும் மனநோயாளியாகப் பிரதாப் போத்தன். மோகனுக்கு முதல் தமிழ்ப் படம். இளையராஜாவுக்கு நூறாவது படம். இயக்குநராகப் பாலு மகேந்திரா இளையராஜாவோடு முதலில் சேர்ந்தது இங்கேதான். அதன் பிறகு ஏறக்குறைய அவருடைய எல்லாப் படங்களுக்கும் இளையராஜாதான்.

'மூடுபனி' என்ற பெயர் ஓசூர்க்காரனுக்கு விளக்கம் கேட்காத பெயர். பெங்களூர் கடல் மட்டத்துக்கு மேல் 900 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. ஓசூரும் ஏறக்குறைய அதே மேட்டில்தான். கிருஷ்ணகிரியைத் தாண்டிச் சூளகிரி ஏறினால் வெயிலின் நிறமே மாறும். மார்கழிக் காலையில் பேரண்டப்பள்ளிப் பக்கம் லாரிகள் விளக்கைப் போட்டுக்கொண்டு ஊர்ந்து வருவதைப் பார்த்தவர்களுக்கு, மேகம் வடிகட்டித் தரும் நிழலற்ற வெளிச்சம் என்னவென்று தெரியும். சென்னையின் உச்சி வெயில் முகத்தில் மூக்கின் நிழலைக் கரியால் இழுக்கும். இந்த மேட்டு நிலத்தில் மேகமூட்டமான நாளொன்றில் அப்படி இழுக்காது. வானமே ஒரு பெரிய வெள்ளைத் துணியாகிவிடும். விளக்குகளின் எண்ணிக்கையைக் குறைத்து, ஜன்னல் வழியே வருகிற ஒளியை நம்பி, ஒப்பனை பூசாத முகங்களைப் படம் பிடிக்க விரும்பிய ஒருவருக்கு இது பிடித்திருந்ததில் ஆச்சரியம் இல்லை. அன்றைய வண்ணச் சுருள் இறக்குமதிச் சரக்கு, விலை அதிகம், ஒளியை வாங்கும் திறனும் குறைவு. அதனால்தான் ஸ்டுடியோக்களில் விளக்கை அள்ளிக் கொட்டினார்கள். இருந்த வெளிச்சத்தை அளந்து, போதாத இடத்தில் மட்டும் தொட்டுக்கொள்வது என்பது ரசனை மட்டுமில்லை, கணக்கும்கூட.

   

'மூடுபனி' 1980 நவம்பரில் திரைக்கு வந்தபோது ஷோபா உயிரோடு இல்லை. 'பசி' படத்துக்காகச் சிறந்த நடிகைக்கான தேசிய விருது பெற்ற அவர், அந்த ஆண்டு மே 1 அன்று தம் உயிரை மாய்த்துக்கொண்டார். வயது பதினேழு. பாலு மகேந்திராவுடனான அவருடைய உறவு பற்றியும் அந்த மரணம் பற்றியும் எழுதப்பட்டவை ஏராளம். ஒன்றுக்கொன்று முரண்படுபவையும் ஏராளம். கே. ஜி. ஜார்ஜ் எடுத்த 'லேகயுடெ மரணம் ஒரு ஃப்ளாஷ்பேக்' (1983) என்ற மலையாளப் படத்துக்கு இந்த நிகழ்வு தூண்டுதல் என்று பரவலாகக் கருதப்படுகிறது. இந்தக் குறிப்பு அதற்கு மேல் போகவில்லை.

'மூன்றாம் பிறை' (1982) அந்த இழப்பிலிருந்து பிறந்தது என்று அவரே சொல்லியிருக்கிறார். நினைவிழந்து குழந்தையாகிவிட்ட பெண்ணாக ஸ்ரீதேவி. அவளைக் காப்பாற்றி வைத்திருக்கும் பள்ளி ஆசிரியராகக் கமல். இடம் உதகைக்கு அருகில் உள்ள கேத்தி. 'கண்ணே கலைமானே' கண்ணதாசன் எழுதிய கடைசிப் பாட்டு. படம் வருவதற்கு முன்பே கவிஞர் மறைந்துவிட்டார். கேத்தி ரயில் நிலையத்தில் மழையில் முடியும் கடைசிக் காட்சியைப் பற்றித் தமிழில் எழுதாத சினிமா எழுத்தாளர் இருக்க முடியாது. கமலுக்குச் சிறந்த நடிகர், பாலு மகேந்திராவுக்கு ஒளிப்பதிவு என இரண்டு தேசிய விருதுகள். மறு ஆண்டு இந்தியில் 'சத்மா'வாக அவரே எடுத்தார்.

கர்நாடக அத்தியாயத்தின் கடைசிப் பக்கம் 'பல்லவி அனுபல்லவி' (1983). இருபதுகளில் இருந்த மணிரத்னத்துக்கு முதல் படம். தயாரிக்க முன்வந்த உறவினர், படம் கன்னடத்தில், குறைந்த செலவில் இருக்க வேண்டும் என்று நிபந்தனை போட்டாராம். அனில் கபூரும் லட்சுமியும் நடித்தார்கள். கேமரா பாலு மகேந்திரா. மணிரத்னத்துக்குத் திரைக்கதைக்கான கர்நாடக அரசு விருது கிடைத்தது. தமிழில் புகழ்பெற்ற இரண்டு இயக்குநர்கள் ஆறு ஆண்டு இடைவெளியில் கன்னடத்தில் தொடங்கினார்கள். இரண்டு தொடக்கத்துக்கும் கண் ஒருவருடையது. அதற்குப் பிறகு பிறர் இயக்கும் படங்களுக்கு ஒளிப்பதிவு செய்வதை அவர் பெரும்பாலும் நிறுத்திக்கொண்டார்.

1982–1987

மலையாளத்தில் 'ஓளங்கள்' (1982), 'ஊமக்குயில்' (1983), மம்மூட்டியும் ஷோபனாவும் நடித்த 'யாத்ரா' (1985). தெலுங்கில் 'நிரீக்ஷணா', இதற்கு 1982, 1986 என இரண்டு ஆண்டுகள் தரப்படுகின்றன. தமிழில் 'நீங்கள் கேட்டவை' (1984), ரஜினிகாந்த் நடித்த 'உன் கண்ணில் நீர் வழிந்தால்' (1985), மோகன் மீண்டும் வந்த 'ரெட்டை வால் குருவி' (1987). 'நீங்கள் கேட்டவை' என்ற பெயரிலேயே ஒரு குத்தல் இருக்கிறது: கேட்டீர்கள், கொடுத்திருக்கிறேன்.

வீடு, சந்தியா ராகம்

கர்நாடகப் படங்களில் கற்றதெல்லாம் வந்து சேர்ந்த இடம் 'வீடு' (1988). சென்னையில் வாடகை வீட்டிலிருந்து வெளியேற வேண்டிய ஒரு நடுத்தர வர்க்கப் பெண், கடன் வாங்கிச் சொந்தமாக ஒரு வீடு கட்டப் பார்க்கிறாள். மனை, அங்கீகாரம், கான்ட்ராக்டர், சிமெண்டு, லஞ்சம். பாட்டு இல்லை. பின்னணியாக இளையராஜாவின் 'ஹௌ டு நேம் இட்' இசைத்தொகுப்பிலிருந்து எடுத்துப் பயன்படுத்தினார். அர்ச்சனாவுக்குச் சிறந்த நடிகைக்கான தேசிய விருது. தாத்தாவாகப் பழைய நாடக நடிகர் சொக்கலிங்க பாகவதர். கட்டி முடியாத வீட்டின் சுவரைத் தாத்தா தடவிப் பார்க்கும் காட்சிக்காகவே படத்தைப் பலமுறை பார்த்தவர்கள் உண்டு; இக்குறிப்பைத் தொகுத்தவரும் அந்தக் கூட்டத்தில் ஒருவர். தம் தந்தை வீடு கட்டத் தொடங்கிய நாளிலிருந்து தாயின் முகத்தில் சிரிப்பு போனது என்ற சிறுவயது நினைவுதான் படத்தின் விதை என்று இயக்குநர் கூறிவந்தார். மட்டக்களப்பில் கட்டிய வீடு சென்னையில் போய் இடிந்து நின்றது.

ஓசூரில் இந்தப் படத்துக்குத் தனிப் பொருத்தம் உண்டு. சிப்காட் தொழிற்பேட்டை வேலைக்கு வந்து, வாடகைக்கு இருந்து, கடன் வாங்கி மனை போட்டு, ஒரு தலைமுறையையே வீடு கட்டுவதில் கழித்த குடும்பங்கள் நிறைந்த ஊர் இது. மனைப் பத்திரத்தையும் தண்ணீர் லாரியையும் அறிந்தவர்களுக்கு, படத்தின் நாயகி சுதாவின் கதையை யாரும் விளக்க வேண்டியதில்லை.

'சந்தியா ராகம்' (1989) சொக்கலிங்க பாகவதரையே நடுவில் வைத்தது. மனைவியை இழந்த கிழவர் கிராமத்தை விட்டு நகரத்தில் உறவினர் வீட்டுக்கு வருகிறார். போதாத சம்பளத்தில் ஒரு வாய் கூடுகிறது. இசை எல். வைத்தியநாதன். குடும்ப நலனுக்கான படம் என்ற பிரிவில் தேசிய விருது பெற்றது.

1992 முதல்

'வண்ண வண்ணப் பூக்கள்' (1992) சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது பெற்றது. மகேஷ் பட்டின் 'அர்த்' படத்தை 'மறுபடியும்' (1993) என எடுத்தார். ரேவதிக்கு அது முக்கியமான படம். 'சதி லீலாவதி' (1995) கமல் தயாரித்த நகைச்சுவை. கன்னட நடிகர் ரமேஷ் அரவிந்தை வைத்து எடுத்த அந்தப் படத்தில் பெங்களூர் திரும்பவும் வந்தது, இம்முறை சிரிக்க. இந்தியில் 'கோகிலா'வை 'அவுர் ஏக் பிரேம் கஹானி' (1996) ஆக்கினார். பிறகு 'ராமன் அப்துல்லா' (1997), ஸ்டீபன் கிங்கின் 'மிசரி'யைத் தழுவிய 'ஜூலி கணபதி' (2003), தனுஷ் நடித்த 'அது ஒரு கனாக்காலம்' (2005). சன் டிவியில் வாரம் ஒரு சிறுகதையாக வந்த 'கதை நேரம்', தமிழ் எழுத்தாளர்கள் பலரின் கதைகளைச் சின்னத்திரைக்குக் கொண்டுவந்தது.

ஈழத்தைப் பற்றி அவர் படம் எடுக்கவில்லை. அதைக் குறையாகச் சொல்வோரும், நேர்மையாக எடுக்க முடியாததை எடுக்காமல் விட்டதே சரி என்போரும் உண்டு.

2007இல் சென்னையில் 'சினிமா பட்டறை' என்ற பயிற்சிப் பள்ளியைத் தொடங்கினார். அதற்கு முன்பே அவரிடம் உதவியாளராக இருந்து போனவர்களின் பட்டியல் நீளம்: பாலா, வெற்றிமாறன், ராம், சீனு ராமசாமி, பாடலாசிரியர் நா. முத்துக்குமார். சிறுகதை வாசிக்காதவர்களை அவர் சேர்த்துக்கொள்வதில்லை என்பது அவர்கள் எல்லோரும் சொல்லும் செய்தி. 'தலைமுறைகள்' (2013) படத்தில், வழக்கமாக அணியும் தொப்பியைக் கழற்றிவிட்டுத் தாத்தாவாகத் தாமே நடித்தார். சசிகுமார் தயாரித்த அந்தப் படம் தேசிய ஒருமைப்பாட்டுக்கான நர்கிஸ் தத் விருது பெற்றது. 2013 டிசம்பரில் படம் வெளிவந்தது; அடுத்த பிப்ரவரி 13 அன்று இயக்குநர் மறைந்தார்.

மூலச்சுருள்கள்

கடைசி ஆண்டுகளில் அவர் மேடைதோறும் பேசியது ஒரே விஷயம். 'வீடு', 'சந்தியா ராகம்', 'மறுபடியும்' உள்ளிட்ட தம் படங்களின் நெகட்டிவ்கள் அழிந்துவிட்டன, தமிழ்நாட்டுக்கு ஒரு திரைப்பட ஆவணக் காப்பகம் வேண்டும் என்பதே அது. வெளிச்சத்தை அளந்து அளந்து பதிந்தவரின் சுருள்கள் லேப் அலமாரிகளில் உதிர்ந்துபோயின. இன்று பெரும்பாலோர் பார்ப்பது 'வீடு' படத்தின் தொலைக்காட்சிப் பதிவை. அதில் ஜன்னல் ஒளி சாம்பல் திட்டாகத் தெரியும். 'கோகிலா'வை அதன் கறுப்பும் வெள்ளையும் கெடாமல் கொட்டகையில் பார்த்தவர்கள் யாராவது ஓசூர், தேன்கனிக்கோட்டை, பாகலூர்ப் பக்கம் இருந்தால், அந்தப் படம் எப்படி இருந்தது என்று ஒரு தாளில் எழுதி வைக்கவும்.